நீலப் பலகை

நெடுஞ்சாலையில் நின்ற நீலப் பலகைக்குக்
கறுப்புக் குப்பைப்பை மாட்டி
டேப் ஒட்டிவிட்டுப் போனார்கள்.
ஒற்றை வெள்ளை எழுத்து, 'எச்',
ஆஸ்பத்திரி இருக்கிறது என்று சொல்ல.
மாலை நாலுக்கு மேல் இல்லை என்று சொல்ல
அவர்களிடம் எழுத்து இல்லை.
பை இருந்தது.

சனிக்கிழமைதோறும் டாக்டர் ஒரிஸ்யா பெட்ரிஷின்
பனியில் ஏணி சாத்தி ஏறி
அந்தப் பையைக் கிழித்துவிட்டு வருவார்.
யாருக்கும் தெரியாது என்று நினைப்பு.
கத்தி என் மேசையுடையது.
திங்கட்கிழமை திரும்பி வரும்போது
அலகில் பசை ஒட்டியிருக்கும்.

நான் கிளினிக்கின் வரவேற்பு மேசைக்காரி.
சஸ்காச்சுவானின் இந்த மூலையில்
எண்ணூற்றுப் பதினாறு பேரின் பிறந்த தேதி
எனக்கு மனப்பாடம்.
வேறு எதற்கும் உதவாத ஞாபகம்.

நகரத்திலிருந்து வந்தவர்கள் வரைபடம் விரித்தார்கள்.
பெரிய ஆஸ்பத்திரியைச் சுற்றி ஒரு வட்டம்:
தொண்ணூறு நிமிஷத் தூரம்.
நாங்கள் உள்ளேதான் இருந்தோம், மயிரிழையில்.
"இது எந்த மாதத்து வட்டம்?" என்றார் டாக்டர்.
அவர்களுக்குப் புரியவில்லை.
"ஜூலையில் போட்டதா, ஜனவரியிலா?"
பிறகு குனிந்து பார்த்து,
"ரயில் எங்கே?"

நூற்றுநாற்பது பெட்டி கோதுமை ரயில்
கடவையை அடைத்துக்கொண்டு ஊரும்
பதினோரு நிமிஷத்தை
நானும் எண்ணியிருக்கிறேன்.
பின்சீட்டில் என் கணவர்.
அது இங்கே வேண்டாம்.

கருத்துக் கேட்புக் கூட்டம் கர்லிங் அரங்கில்.
ஐஸ் மேல் பலகை போட்டும்
கால் வழியே குளிர் ஏறியது.
ஆளுக்கு மூன்று நிமிஷம்;
முட்டை வேக வைக்கும் டைமர் ஒன்று
தண்ணீர்க் குவளைக்குப் பக்கத்தில்.

டாக்டர் நோட்டைத் திறந்தார்.
"மார்ச் ஒன்பது. வெண்டல் ஃபிரீசன்.
தானிய இயந்திரத்தில் மூன்று விரல்.
விரல்கள் பக்கத்து சீட்டில், ஐஸ்பெட்டிக்குள்.
நூற்று முப்பத்தெட்டு கிலோமீட்டர்.
இரண்டு ஒட்டியது.
ஏப்ரல் இரண்டு. குழந்தைக்குக் காதுவலி.
காதுவலியில் யாரும் சாவதில்லை, சரி.
விடிய விடிய ஓட்டிப் போன அம்மாவுக்கு
மறுநாள் வேலை போனது.
ஏப்ரல் இருபது..."

டைமர் கத்தியது.

வெண்டல் எழுந்தான்.
ஒன்பது விரல்களையும் விரித்துக் காட்டி,
"என் மூன்று நிமிஷம் அவருக்கு."
பள்ளி பஸ் ஓட்டும் கிளாடிஸ் எழுந்தாள்.
தூக்க மாத்திரை எழுதித் தரவில்லையென்று
ஏழு வருஷமாக டாக்டரிடம் பேசாத
பன்றிப் பண்ணை ஐவர் கூட
கையைத் தூக்கினார், முகத்தைத் திருப்பிக்கொண்டு.

டெல்ஃபின் வட்டனியின் முறை வந்தது.
"நான் தர மாட்டேன்" என்றாள்.
"நானே பேசுகிறேன்.
உங்களுக்கு நூற்று முப்பத்தெட்டு.
எங்கள் ரிசர்விலிருந்து அதற்கு முன்னால்
இன்னொரு நாற்பத்தாறு.
இந்த ஆஸ்பத்திரி ராத்திரியெல்லாம் திறந்திருந்த காலத்திலும்
அந்த நாற்பத்தாறு இருந்தது.
அதற்கு யாரும் கூட்டம் போடவில்லை."

இரண்டு நிமிஷம் மிச்சமிருந்தது.
அவள் உட்கார்ந்துவிட்டாள்.
டைமர் மட்டும் ஓடிக்கொண்டிருந்தது.
டாக்டர் பேனாவைத் தேடினார்,
என்னிடம் வாங்கினார்,
எழுதினார்.

ஜூனில் கடிதம் வந்தது.
செவ்வாய், வெள்ளி இரவுகள் மட்டும் திறக்கலாம்,
ஆறு மாதம், சோதனையாக.
நெஞ்சுவலிக்குக் கிழமை பார்க்கக்
கற்றுக்கொள்ள வேண்டும் நாங்கள்.
சிலர் கேக் வெட்டினார்கள்.
டாக்டர் ஒரு துண்டு வாங்கி
நின்றபடியே சாப்பிட்டுவிட்டு
ரிசர்வுக்குக் கார் எடுத்தார்.
அங்கே சமூகக் கூடத்தின் பின்னறையில்
வியாழன்தோறும் கிளினிக் நடக்கிறது இப்போது.
திரும்பும்போது நோட்டில் தூரம் குறிக்கிறார்,
அங்கிருந்து இங்கே என்று.
முன்பெல்லாம் எப்போதும் இங்கிருந்துதான் தொடங்குவார்.

பை மாட்டும் நெடுஞ்சாலைப் பையன்
நேற்று என் மேசைக்கு வந்தான்.
எந்தெந்த ராத்திரி மூட வேண்டும் என்று
ஒரு தாளில் எழுதித் தரச் சொன்னான்.
தந்தேன்.
போகும்போது, "இனிமேல் டேப் ஒட்டவில்லை,
சும்மா முடிச்சுதான்" என்றான்.

இன்று புதன்கிழமை.
மேசை டிராயரில் கத்தி இல்லை.